டிஸ்பென்சர் தண்ணீரில் பாசி வாடை: கோளாறு கேனிலா, மெஷினிலா?

வேளச்சேரிவாசி
எல்லோருக்கும் வணக்கம். எங்கள் வீட்டில் சூடு, சாதா, குளிர்ச்சி என்று மூன்று குழாய் உள்ள டிஸ்பென்சர் இருக்கிறது. 20 லிட்டர் கேனை மேலே கவிழ்த்து வைக்கும் வகை. கொஞ்ச நாளாகக் குளிர்ந்த தண்ணீரில் லேசாகப் பாசி வாடை அடிக்கிறது. கேன் போடும் தம்பியிடம் கேட்டால், "மத்த வீட்ல யாரும் சொல்லலையே சார்" என்கிறார். வேறு ஆளிடம் வேறு கம்பெனி கேன் வாங்கிப் பார்த்தேன், அதிலும் அதே வாடைதான். சூட்டுக் குழாயில் வாடை இல்லை. ஆனால் ஃபிளாஸ்கில் பிடித்து வைத்தால் அடியில் வெள்ளைத் தூள் தங்குகிறது.

சர்வீஸ் சென்டரில் வந்து பார்க்க ஒரு தொகை, சுத்தம் செய்யத் தனித் தொகை கேட்கிறார்கள். நாமே கழுவ முடியுமா? எதை ஊற்றிக் கழுவுவது? வீட்டில் வயதான அம்மா இருக்கிறார், அதனால்தான் கவலை.

பானைப்பிரியன்
மெஷினைத் தூக்கிப் பரணில் போடுங்கள். குழாய் வைத்த மண்பானை ஒன்று வாங்குங்கள். கரண்டும் வேண்டாம், சர்வீஸும் வேண்டாம்.

கோவை_சர்வீஸ்காரன்
பானைக்கும் சர்வீஸ் உண்டுங்க அண்ணா, அதை அப்புறம் பேசுவோம்.

வேளச்சேரி சார், முதலில் கோளாறு எங்கே என்று பார்த்துவிடலாம். கேனிலிருந்து நேராக ஒரு டம்ளர் பிடியுங்கள். குளிர்ச்சிக் குழாயில் ஒரு டம்ளர், சாதாக் குழாயில் ஒரு டம்ளர். மூன்றையும் மூடி வைத்து, குளிர்ச்சி விட்டபின் முகர்ந்து பாருங்கள். ஜில்லென்று இருக்கும்போது வாடை அவ்வளவாகத் தெரியாது. கேன் தண்ணீரே நாறினால் கேன்காரரிடம் சண்டை போடலாம். குழாய்த் தண்ணீர் மட்டும் நாறினால் மெஷின். கேன் கம்பெனி மாறியும் வாடை போகவில்லை என்கிறீர்கள், அதனால் எனக்கு மெஷின் மேல்தான் சந்தேகம்.

வேளச்சேரிவாசி
பார்த்தேன் சார். கேன் தண்ணீர் சுத்தம். சாதாக் குழாயில் கொஞ்சம், குளிர்ச்சிக் குழாயில் நன்றாகவே வாடை. RO செய்து, புற ஊதா விளக்கெல்லாம் காட்டி மூடி வருகிற தண்ணீர் உள்ளே போனதும் எப்படிக் கெடுகிறது? அதுதான் புரியவில்லை.

லேப்_அக்கா
அவ்வளவு சுத்தம் செய்து வருவதுதான் ஒரு விதத்தில் சிக்கல் தம்பி. கார்ப்பரேஷன் குழாய்த் தண்ணீரில் குளோரின் கொஞ்சம் மிச்சம் இருக்கும். வீட்டுக் குழாய் வரைக்கும் லிட்டருக்கு 0.2 மில்லிகிராமாவது இருக்க வேண்டும் என்று குடிநீருக்கான இந்தியத் தரம் IS 10500 சொல்கிறது. வழியில் கிருமி ஏதாவது சேர்ந்தால் அடக்கி வைப்பது அதுதான். கேன் தண்ணீரில் குளோரின் கிடையாது. அடைக்கும்போது ஓசோன் செலுத்துவார்கள், அது சீக்கிரமே சிதைந்து போய்விடும். மூடியைத் திறந்த நிமிடத்திலிருந்து அந்தத் தண்ணீருக்குப் பாதுகாப்பு எதுவும் இல்லை.

உள்ளே கிருமி போக இரண்டு வழி. தண்ணீர் பிடிக்கும்போது கேனுக்குள் "களுக் களுக்" என்று குமிழி ஏறுகிறதே, வெளியே போன தண்ணீருக்குப் பதிலாக உள்ளே வருகிற சமையலறைக் காற்று அது. தூசி, தாளிப்புப் புகை, கிருமி எல்லாம் அதோடு சேர்ந்து போகும். இரண்டாவது, கேனின் கழுத்து. கேன் லாரியில் வந்து, தரையில் உருண்டு, நாலு பேர் கை பட்டு வருகிறது. சாதாரண டிஸ்பென்சரில் அந்தக் கழுத்தின் வெளிப்பக்கம் நேராகத் தொட்டித் தண்ணீருக்குள் முங்குகிறது. பெரும்பாலான வீடுகளில் அதைத் துடைப்பதே இல்லை.

இப்படி உள்ளே போகும் கிருமிகள் தொட்டிச் சுவரில் ஒட்டிக்கொண்டு வழவழவென்று ஒரு படலம் கட்டும். அந்தப் படலம் வந்த பிறகு எத்தனை புதுக் கேன் மாற்றினாலும் வாடை போகாது, தேய்த்துத்தான் எடுக்க வேண்டும். சூட்டுக் குழாயில் வாடை இல்லாததும் இதனால்தான். நல்ல நிலையில் உள்ள மெஷினில் சூட்டுத் தொட்டி 85 டிகிரிக்கு மேல் போகும், அங்கே படலம் வளராது.

கோவை_சர்வீஸ்காரன்
அக்கா சொன்னது ரொம்பச் சரி. கழுவும் முறையைச் சொல்கிறேன். மாடலுக்கு மாடல் கொஞ்சம் மாறும், அடிப்படை ஒன்றுதான்.

பிளக்கைப் பிடுங்குங்கள். சுவிட்சை அணைத்தால் போதும் என்று நினைக்காதீர்கள், பிடுங்கியே விடுங்கள். கேனை எடுத்துவிட்டுச் சூட்டுத் தொட்டி ஆறும் வரை காத்திருங்கள். அவசரப்பட்டு உடனே பின்பக்கம் திறந்து காலில் கொதிநீர் கொட்டிக்கொண்டவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். ஆறியதும் குழாய்களைத் திறந்து வருகிற தண்ணீரை விட்டுவிடுங்கள். "தண்ணி நின்னுடுச்சு, தொட்டி காலி" என்று பலரும் இதோடு முடித்துக்கொள்கிறார்கள். சூட்டுக் குழாய் தொட்டியின் மேல்பகுதியிலிருந்து எடுப்பதால் தொட்டி நிறையத் தண்ணீர் அப்படியே நிற்கும். மெஷினுக்குப் பின்னால் கீழே திருகு மூடி ஒன்றோ இரண்டோ இருக்கும். வாளியை வைத்து அதைக் கழற்றினால்தான் அடித்தண்ணீர் வரும். உங்கள் வெள்ளைத் தூளும் அதோடுதான் வரும்.

அடுத்து, மேலே கேன் உட்காரும் வளையத்தைக் கழற்றுங்கள். உள்ளே எவர்சில்வர் தொட்டி தெரியும். மூன்று குழாய் மாடலில் அதற்குள் வட்டமாக ஒரு பிளாஸ்டிக் தட்டு இருக்கும். மேலே சாதாத் தண்ணீர், கீழே குளிர்ந்த தண்ணீர் என்று பிரிப்பது அதுதான். தட்டை எடுத்துத் திருப்பிப் பாருங்கள். வேறு எதுவும் சொல்லத் தேவையில்லை, நீங்களே முகம் சுளிப்பீர்கள். மெத்தென்ற பஞ்சில் துளி பாத்திர சோப்புப் போட்டுத் தொட்டி, தட்டு, வளையம் எல்லாவற்றையும் தேய்த்து அலசுங்கள். கம்பி நார் வேண்டாம். கீறல் விழுந்தால் அடுத்த முறை படலம் அந்தக் கீறலில்தான் பிடிக்கும்.

அப்புறம் கிருமி நீக்கம். மெடிக்கலில் 5 சதவீத சோடியம் ஹைப்போகுளோரைட் திரவம் (ஹைப்போ, ப்ளீச் என்பதெல்லாம் இதுதான்) கிடைக்கும், வாசனை சேர்க்காதது வாங்குங்கள். நாலு லிட்டர் தண்ணீருக்கு ஒரு மேசைக்கரண்டி, அதாவது 15 மில்லி. இதைத் தொட்டியில் ஊற்றி உட்புறம் முழுக்கப் படும்படி துடைத்துவிடுங்கள். குறைந்தது இரண்டு நிமிடம், அதிகபட்சம் ஐந்து நிமிடம். அதற்கு மேல் போனால் எவர்சில்வரையே அரிக்க ஆரம்பிக்கும். பிறகு எல்லாக் குழாய் வழியாகவும் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு, பின்மூடியையும் திறந்து வடித்துவிடுங்கள். குழாய்க்குள்ளே இருக்கும் அழுக்குக்கும் மருந்து பட வேண்டுமில்லையா. அதன்பின் நல்ல தண்ணீரை நாலைந்து முறை நிரப்பி வடித்தால் வாடை போய்விடும்.

முக்கியமான ஒன்று. மறுபடி கேன் வைத்தபின் சூட்டுக் குழாயில் தண்ணீர் தாரையாக வந்த பிறகுதான் ஹீட்டர் சுவிட்சைப் போட வேண்டும். காலித் தொட்டியில் ஹீட்டர் ஓடினால் காயில் கருகிப் போகும், இல்லையென்றால் வெப்பக் காப்பு ஃபியூஸ் போய்விடும். என்னிடம் "சூடே வரல" என்று வரும் புகார்களில் பாதி, வீட்டில் கழுவி முடித்த மறுநாள் வருவதுதான்.

சமையல்கட்டு_ராணி
கடையில் ஹைப்போ கிடைக்காவிட்டால் பிளீச்சிங் பவுடர் போடலாமா? நான் வினிகரும் ப்ளீச்சும் கலந்து ஊற்றலாம் என்று நினைத்தேன். ஒன்று கறையை எடுக்கும், இன்னொன்று கிருமியைக் கொல்லும். ஒரே வேலையாக முடிந்துவிடும்.

லேப்_அக்கா
வேண்டவே வேண்டாம்! ராணி, தயவுசெய்து இதை யாருக்கும் சொல்லாதீர்கள். ப்ளீச்சோடு வினிகரோ எலுமிச்சையோ சிட்ரிக் ஆசிடோ எந்த அமிலம் சேர்ந்தாலும் குளோரின் வாயு கிளம்பும். மூடிய சமையலறையில் அது நுரையீரலைப் பதம் பார்த்துவிடும். அம்மோனியா சேர்ந்த கிளீனரோடு கலந்தாலும் இதேபோல விஷவாயு வரும். தெரியாமல் கலந்துவிட்டால் ஜன்னலைத் திறந்துவிட்டு வெளியே போய்விடுங்கள், நின்று முகர்ந்து பார்க்காதீர்கள். உப்புப் படிவுக்கு அமிலம் ஒரு நாள், நன்றாக அலசிவிட்டு, கிருமிக்கு ப்ளீச் வேறொரு நாள்.

பிளீச்சிங் பவுடர் கிணற்றுக்கும் சம்புக்கும் சரி. அதில் சுண்ணாம்பு இருப்பதால் கரையாமல் அடியில் தங்கும். சின்னக் குழாய்களில் அது போய் அடைத்தால் அது வேறு வம்பு.

பானைப்பிரியன்
குடிக்கிற பாத்திரத்தில் ப்ளீச் ஊற்றச் சொல்கிறீர்களே. வெந்நீர் விட்டுக் கழுவினால் போதாதா? நம் பாட்டிமார் எல்லாம் எந்த ஹைப்போவை வாங்கினார்கள்?

லேப்_அக்கா
அண்ணா, பாட்டி தினமும் குடத்தைப் புளி போட்டுத் தேய்த்துக் கவிழ்த்துக் காயவைத்தார். நாம் ஒரு தொட்டியை மாதக்கணக்கில் திறந்தே பார்ப்பதில்லை. தினமும் தேய்த்துக் காயவைக்கிற பாத்திரத்துக்கு ப்ளீச் தேவையில்லை, ஒப்புக்கொள்கிறேன். டிஸ்பென்சர் தொட்டியைக் காயவைக்க வழியே இல்லை.

வெந்நீர் யோசனையும் தப்பில்லை, ஆனால் பிளாஸ்டிக் தட்டு உள்ள இடத்தில் கொதிக்கக் கொதிக்க ஊற்றினால் அது நெளிந்துபோகலாம். வெதுவெதுப்பாக ஊற்றினால் கிருமிக்கு இதமாகத்தான் இருக்கும். ப்ளீச்சை அளவோடு போட்டு அலசிவிட்டால் மிஞ்சுவது ஒன்றுமில்லை. கார்ப்பரேஷன் தண்ணீரில் நாம் காலங்காலமாகக் குடித்து வந்ததும் குளோரின்தான்.

உங்கள் மண்பானையையும் விடமாட்டேன். மண்ணில் நுண்துளை இருப்பதால்தான் தண்ணீர் கசிந்து ஆவியாகிக் குளிர்கிறது. அந்தத் துளைகளிலும் படலம் கட்டும். சோப்பு போட்டால் மண் உறிஞ்சிக்கொள்ளும். தேங்காய் நாரால் தேய்த்து வெயிலில் காயவைக்க வேண்டும், குழாயைத் தனியாகக் கழற்றிக் கழுவ வேண்டும். செய்கிறீர்களா?

பானைப்பிரியன்
குழாயைக் கழற்றியதில்லை. இன்று கழற்றுகிறேன். கண்டதை இங்கே எழுதமாட்டேன்.

மாடித்தோட்டம்
யாரும் ட்ரேயைப் பற்றிச் சொல்லவில்லையே. குழாய்க்குக் கீழே சிந்துகிற தண்ணீர் விழும் தட்டு. டெங்கு சமயத்தில் மாநகராட்சி ஆட்கள் வீட்டுக்கு வந்தால் ஃபிரிட்ஜின் பின்தட்டையும் இந்த ட்ரேயையும்தான் முதலில் பார்ப்பார்கள். ஏடிஸ் கொசுவுக்கு ஒரு மூடி அளவு நல்ல தண்ணீர் போதும். முட்டை கொசுவாக மாற ஏழு முதல் பத்து நாள். வாரம் ஒரு முறை கொட்டினால் அந்தக் கணக்கை உடைத்துவிடலாம். ஆனால் வெறுமனே கொட்டினால் போதாது. முட்டைகள் தட்டின் ஓரத்தில் ஒட்டிக்கொண்டு காய்ந்தும் மாதக்கணக்கில் உயிரோடு இருக்கும், மறுபடி ஈரம் பட்டால் பொரிக்கும். பிரஷ் போட்டுத் தேய்க்க வேண்டும்.

ஷார்ஜா_தமிழன்
இங்கே வீட்டுக்கு வீடு 5 கேலன் பாட்டில்தான், சுமார் 19 லிட்டர். எனக்கு வேறு பிரச்சினை. மேலே பாட்டில் வைத்தால் சில சமயம் வளையத்தைச் சுற்றித் தண்ணீர் பொங்கித் தரையெல்லாம் ஓடுகிறது. மெஷினைச் சரிபார்த்தவர் தொட்டி ஓட்டை, புது மெஷின் வாங்குங்கள் என்கிறார். ஆனால் அடுத்த பாட்டில் வைத்தால் ஒழுகுவதில்லை. இது என்ன மாயம்?

கோவை_சர்வீஸ்காரன்
மாயமெல்லாம் இல்லை தம்பி, பாட்டிலில் விரிசல். கவிழ்த்த பாட்டிலில் தண்ணீர் தானாக நிற்பது எப்படி? தொட்டியில் தண்ணீர் பாட்டில் வாயை மூடியதும் உள்ளே காற்று போக வழியில்லை, அதனால் இறங்குவதும் நின்றுவிடுகிறது. பாட்டிலின் அடிப்பக்கத்தில், கவிழ்த்தபின் மேலே தெரியும் பக்கத்தில், மயிரிழை விரிசல் இருந்தால் அது வழியாகக் காற்று புகும். புகப் புகத் தண்ணீர் இறங்கிக்கொண்டே இருக்கும், தொட்டி நிரம்பிப் பொங்கும். கண்ணுக்கு விரிசல் தெரியாமல்கூட இருக்கலாம். ஒழுகிய பாட்டிலில் அடையாளம் போட்டுத் திருப்பிக் கொடுங்கள். ஒரு பாட்டிலில் மட்டும் ஒழுகினால் தொட்டி ஓட்டை கிடையாது. எந்தப் பாட்டில் வைத்தாலும் ஒழுகினால்தான் மெஷினைப் பார்க்க வேண்டும்.

பல இடங்களில் சுற்றி வந்த பழைய கேன்களில் இது சகஜம். கேன் வாங்கும்போது வெளிச்சத்தில் தூக்கிப் பாருங்கள். பச்சை படிந்திருந்தாலோ, மூடியின் சீல் உடைந்திருந்தாலோ, முகர்ந்தால் மண்ணெண்ணெய், பினாயில் வாடை வந்தாலோ வாங்காதீர்கள். காலிக் கேனில் எதை வேண்டுமானாலும் ஊற்றி வைக்கிறவர்கள் இருக்கிறார்கள்.

வேளச்சேரிவாசி
இன்று மதியம் உட்கார்ந்து முழுக்கக் கழற்றினேன். அந்தப் பிளாஸ்டிக் தட்டின் அடியில் சளி மாதிரிக் கொழகொழவென்று, ஓரத்தில் இளஞ்சிவப்பாக ஒரு கோடு. அம்மா பார்த்துவிட்டு "இதையா இத்தனை நாள் குடிச்சோம்?" என்று கேட்டார், என்னிடம் பதில் இல்லை. சோப்பு, அப்புறம் ஹைப்போ, சொன்ன அளவுப்படி. குளிர்ச்சிக் குழாயின் வாயைத் திருகிக் கழற்றினால் உள்ளே இருந்த ரப்பர் கறுத்துப் போயிருந்தது, அதையும் கழுவினேன். இப்போது வாடை சுத்தமாக இல்லை.

பின்மூடியைத் திறந்தபோது வெள்ளைச் செதில் செதிலாக வந்தது. அது இன்னும் முழுதாகப் போகவில்லை. RO தண்ணீரில் உப்பு ஏது?

லேப்_அக்கா
அந்த இளஞ்சிவப்பு ஈரமான குளியலறைகளிலும் வருகிற ஒரு பாக்டீரியா கூட்டம்தான். நல்ல உடம்புக்காரர்களைப் பெரும்பாலும் ஒன்றும் செய்யாது. வயதானவர்களும் நோய் எதிர்ப்பு குறைந்தவர்களும் உள்ள வீட்டில் விட்டுவைக்கக் கூடாது.

நல்ல கேள்வி கேட்டீர்கள். வெள்ளைச் செதில் கால்சியம் கார்பனேட். தண்ணீரில் உள்ள கடினத்தன்மை சூட்டில் பிரிந்து படிவது. ஒழுங்காக RO செய்த தண்ணீரில் அது மிகக் குறைவாகத்தான் இருக்கும், செதில் செதிலாகக் கட்ட வாய்ப்பு கம்மி. அப்படிக் கட்டியிருந்தால் ஒன்று, முன்பு எப்போதோ போர் தண்ணீர் ஊற்றியிருக்கிறீர்கள். இல்லையென்றால் கேன்காரர் RO தண்ணீரோடு போர் தண்ணீரைக் கலக்கிறார். தண்ணீரில் கரைந்திருக்கும் உப்புகளின் அளவைக் காட்டும் TDS பேனா சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது, கேன் தண்ணீரில் முக்கிப் பாருங்கள். IS 10500 குடிநீருக்கு லிட்டருக்கு 500 மில்லிகிராம் வரை ஏற்கிறது, அதனால் 200, 300 வந்தாலும் உடம்புக்குக் கெடுதல் என்று அர்த்தமில்லை. "RO தண்ணி" என்று காசு வாங்கியவரிடம் கேள்வி கேட்க அது உதவும், அவ்வளவுதான். ஆனால் TDS குறைவு என்பதால் கிருமி இல்லை என்று நினைத்துவிடாதீர்கள், அந்தப் பேனாவுக்குக் கிருமி தெரியாது.

கிருமி உண்டா என்று உறுதியாகத் தெரிய வேண்டுமானால் கிண்டி கிங் இன்ஸ்டிடியூட்டிலோ, மாவட்டங்களில் குடிநீர் வடிகால் வாரியத்தின் ஆய்வகங்களிலோ கேட்டுப் பாருங்கள். கிருமி நீக்கிய பாட்டிலில்தான் தண்ணீர் பிடித்துத் தர வேண்டும். வீட்டுக் கூல்டிரிங்க்ஸ் பாட்டிலில் கொண்டுபோனால் முடிவுக்கு மதிப்பில்லை. 100 மில்லியில் ஈ.கோலை என்ற குடல் பாக்டீரியா ஒன்றுகூட இருக்கக் கூடாது என்பதுதான் தரம்.

கோவை_சர்வீஸ்காரன்
செதிலை எடுக்க சிட்ரிக் ஆசிட், மளிகைக் கடையில் எலுமிச்சை உப்பு என்று கேட்டாலே கொடுப்பார்கள். ப்ளீச் போட்ட அன்றைக்கே வேண்டாம், அக்கா சொன்னது நினைவிருக்கட்டும். லிட்டருக்கு 20, 30 கிராம் கரைத்து மேல்தொட்டியில் ஊற்றினால் தானாகச் சூட்டுத் தொட்டிக்கு இறங்கும். சூட்டுக் குழாயில் அந்தத் தண்ணீர் வருவதைப் பார்த்துவிட்டு ஹீட்டரைக் கொஞ்ச நேரம் போடுங்கள். வெதுவெதுப்பானதும் அணைத்துப் பிளக்கைப் பிடுங்கி, அரை மணி, முக்கால் மணி விடுங்கள். பின்மூடி வழியாக வடித்தால் செதில் உதிர்ந்து வரும். புளிப்பு போகும் வரை அலசுங்கள். தடிமனாகக் கட்டியிருந்தால் இன்னொரு முறை செய்ய வேண்டியிருக்கும்.

பின்மூடியை மறுபடி போடும்போது அதன் வாஷரைப் பார்த்துப் போடுங்கள். முறுக்கேறிய வாஷர்தான் ராத்திரி முழுக்கச் சொட்டும்.

புது_அம்மா
இழையைத் தொடர்ந்து படித்துக்கொண்டிருக்கிறேன். சூட்டுக் குழாய்த் தண்ணீரில் நேராகக் குழந்தைக்குப் பவுடர் பால் கலக்கலாமா? மாமியார் வேண்டாம் என்கிறார், கணவர் அதுவே கொதித்த தண்ணீர்தானே என்கிறார்.

லேப்_அக்கா
மாமியார் பக்கம்தான் நான். பவுடரிலேயே கிருமி இருக்கலாம் என்பதால் 70 டிகிரிக்குக் குறையாத தண்ணீரில் கலக்கச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனம். டிஸ்பென்சரில் முதல் டம்ளர் அந்தச் சூட்டில் வரலாம். நாலைந்து பேர் காபிக்குப் பிடித்தபின் உள்ளே பச்சைத் தண்ணீர் இறங்கி, சூடு எங்கே இருக்கிறது என்று உங்களுக்குத் தெரியாது. அடுப்பில் கொதிக்க வைத்து, அரை மணிக்குள் கலந்து, பிறகு பாட்டிலைக் குளிர்ந்த நீரில் பிடித்து ஆறவைத்துக் கொடுங்கள். குழந்தை நடக்க ஆரம்பித்ததும் சூட்டுக் குழாயின் பூட்டு வேலை செய்கிறதா என்றும் பாருங்கள்.

வேளச்சேரிவாசி
கடைசியாக இரண்டு கேள்வி. எத்தனை நாளுக்கு ஒருமுறை இந்த முழுக் கழுவல்? ராத்திரி மெஷினை அணைத்து வைக்கலாமா? கரண்ட் பில் ஏறுகிறது.

கோவை_சர்வீஸ்காரன்
கம்பெனிப் புத்தகத்தில் மூன்று மாதம், ஆறு மாதம் என்று போட்டிருப்பார்கள். சென்னை வெக்கைக்கு நான் இரண்டு மாதம் என்பேன், வெயில் காலத்தில் இன்னும் சீக்கிரம். கேன் மாற்றும்போதெல்லாம் கையைக் கழுவி, கழுத்தையும் மூடிப் பகுதியையும் சுத்தமான துணியால் துடைத்துவிட்டு வையுங்கள். குழாய் வாய்களை வாரம் ஒரு முறை. ஊருக்குப் போய்ப் பத்து நாள் கழித்து வந்தால், தேங்கிய தண்ணீரை வடித்துவிட்டுக் கழுவிய பிறகே குடியுங்கள்.

ராத்திரி ஹீட்டரை மட்டும் அணைக்கலாம், நிறைய மாடல்களில் அது 500 வாட் அளவு இழுப்பது. காலையில் போட்டால் நன்றாகச் சூடேறும் வரை விட்டுப் பிடியுங்கள். குளிர்ச்சியை அணைக்காதீர்கள், தண்ணீர் வெதுவெதுப்பானால் படலத்துக்குக் கொண்டாட்டம். பில் ஏறுவதற்கு வேறு காரணமும் இருக்கலாம். மெஷின் சுவரோடு ஒட்டியிருக்கிறதா? பின்னால் அரை அடி இடம் விடுங்கள், கம்பி வலையில் தூசி இருந்தால் பிரஷ்ஷால் தட்டுங்கள். கம்ப்ரசர் இல்லாத சின்ன மாடல் என்றால் உள்ளே ஃபேன் இருக்கும், அதில் தூசி அடைத்தால் நாள் முழுக்க ஓடியும் ஜில்லென்று வராது. உங்களுடையது எந்த வகை, கம்ப்ரசரா ஃபேனா?

வேளச்சேரிவாசி
கம்ப்ரசர். சுவரோடு ஒட்டித்தான் இருக்கிறது, அதுவும் ஃபிரிட்ஜுக்கும் அலமாரிக்கும் நடுவே. நாளை இடம் மாற்றுகிறேன்.

கோவை_சர்வீஸ்காரன்
நகர்த்தும்போது சாய்க்காதீர்கள் சார். தப்பித்தவறிப் படுக்கப் போட்டுத் தூக்கினால், நிமிர்த்தி வைத்துச் சில மணி நேரம் கழித்துத்தான் பிளக்கைப் போட வேண்டும். கம்ப்ரசர் ஆயில் இறங்க அவகாசம் வேண்டும்.